இடிபாட்டின் மேல் எழுந்த நூதனசாலை

பழம்பொருள்களைத் தேடிச் சேர்த்துக் காத்துவைக்கும் இடத்தை நம் நாட்டுத் தமிழர் நூதனசாலை என்று நெடுங்காலமாக வழங்கி வந்துள்ளனர். நூதனம் என்றால் புதுமை. பழமை குடியிருக்கும் வீட்டுக்குப் புதுமையின் பெயரைச் சூட்டியது வேடிக்கையாகத் தோன்றலாம். ஆனால், நேயர்களே, இன்று நான் பேச எடுத்துக்கொண்ட கட்டடத்துக்கு அப்பெயர் முற்றும் பொருந்தும். அது 2007ஆம் ஆண்டிலே திறக்கப்பெற்ற புத்தம் புதிய கட்டடம். அதன் அடியிலோ உரோமர் காலத்து வீடுகளின் சுவர்கள் கிடக்கின்றன. இடையிலே, குண்டுவீச்சில் இடிந்த ஒரு தேவாலயம் நிற்கின்றது. அத்தேவாலயத்தின் உடைந்த சுவர்கள்மேலேயே புதிய சுவர்கள் ஏறி நிற்கின்றன. ஜேர்மனி நாட்டிலே, ரைன் நதிக்கரையிலுள்ள கொலோன் நகரத்து ‘கொலும்பா’ நூதனசாலை அது.

கொலோன் என்னும் பெயர் நம்மவருக்குப் புதிதன்று. காய்ச்சலிற் கிடப்பவரின் நெற்றியிலே கைக்குட்டையை நனைத்து வைக்கும் ‘ஓடிக்கொலோன்’ என்பதற்குக் ‘கொலோன் நகரத்து நீர்’ என்பதே பொருள். அந்நகரத்திலே குடியேறிய பரீனா என்னும் இத்தாலியர் குடும்பம் 1709ஆம் ஆண்டளவில் அவ்வாசனை நீரை விற்கத் தொடங்கியது. இன்னொன்றையும் இங்கேயே சொல்லிவிடுகின்றேன். கொலும்பா என்பதற்கும் நமது கொழும்புக்கும் யாதொரு தொடர்பும் இல்லை. இலத்தீன் மொழியிலே கொலும்பா என்றால் புறா. மூன்றாம் நூற்றாண்டிலே பிரான்சு தேசத்துச் சான்ஸ் என்னும் ஊரில் விசுவாசத்துக்காக உயிர்நீத்த இளங் கன்னியொருத்தியின் பெயரும் அதுவே. சிறையிலே அவளுடைய மானத்தைக் கரடி ஒன்று காத்து நின்றது என்பது ஐதிகம். கொலோன் நகரத்தார் தம் பெரிய பங்குக் கோயில்களுள் ஒன்றை அவள் பெயரால் எழுப்பினர்.

அக்கோயில் எழுந்த நிலமோ அதற்கும் முன்னரே பழையது. கி.பி. 50ஆம் ஆண்டிலே, உரோமப் பேரரசன் குளோடியஸ், அவ்வூரிலே பிறந்த தன் மனைவி அகிரிப்பினாவின் விருப்பப்படி, அதற்கு உரோமக் குடியேற்ற நகரம் என்னும் உயர்நிலையை அளித்தான். குடியேற்றம் என்று பொருள்படும் ‘கொலோனியா’ என்ற சொல்லே தேய்ந்து கொலோன் ஆயிற்று. உரோமர் வாழ்ந்த வீடுகளின் மேலே சிறியதொரு கோயில் எழுந்தது. அச்சிறு கோயிலின்மேல் பெரியதொரு கோயில். அதனையும் விரித்து, பதினைந்தாம் நூற்றாண்டளவில் கொதிக் முறையிலே அமைந்த ஐந்து அங்கணமுள்ள பெருங்கோயில். ஒவ்வொரு தலைமுறையும் முன்னோர் இட்ட அத்திவாரத்தின்மேல் தன் சுவரை வைத்தது. இடித்தோம் என்ற துயரமும் இல்லை, காக்கின்றோம் என்ற பெருமையும் இல்லை. அக்காலத்தவர் பழமையை மிதித்துக்கொண்டே வாழ்ந்தனர்.

அப்பெருங்கோயிலின் செல்வம் எத்தகையது என்பதற்கு ஓர் ஓவியமே சான்று. பதினைந்தாம் நூற்றாண்டின் நடுப்பகுதியிலே, பிளாந்தர்ஸ் நாட்டின் தலைசிறந்த ஓவியருள் ஒருவரான றோகியர் வான் டெர் வைடன், மூவிராசாக்கள் பாலனை வணங்கும் காட்சியைத் தீட்டினார். அது கொலும்பாவின் சிற்றாலயமொன்றிலே பீடத்தின்மேல் நின்றது. மூவிராசாக்களின் திருப்பண்டங்கள் எனப் போற்றப்படுவன 1164ஆம் ஆண்டு முதல் கொலோன் பேராலயத்திலே இருந்து வருதலின், அக்காட்சி அந்நகரத்தாருக்கு உயிரினும் இனியது. ஆயினும் பிரெஞ்சுக்காரர் நகரைக் கைப்பற்றிக் கோயிற் சொத்துக்களைக் குலைத்த காலத்தை அடுத்து, அவ்வோவியம் கை மாறியது. கொலோன் வணிகக் குடும்பத்தவரான புவாசரே சகோதரர் அதனை வாங்கினர். அவர்களுடைய சேகரத்தை 1827ஆம் ஆண்டு பவேரிய மன்னன் முதலாம் லூட்விக் விலைக்குப் பெற்றான். கொலும்பா பீடம் என்ற பெயரோடே அவ்வோவியம் இன்றும் மியூனிக் நகரிலே உள்ளது. ஆகவே குண்டு விழுவதற்கு நூறாண்டுக்கு முன்னரே கொலும்பா தன் பெரும் பொருளொன்றை இழந்துவிட்டது. ஓவியம் இடம் பெயரலாம். சுவர் பெயர முடியாது. குண்டு தேடி வந்தது சுவரை.

இரண்டாம் உலக மகாயுத்தத்திலே கொலோன் நகரின்மீது 262 விமானத் தாக்குதல்கள் நிகழ்ந்தன. 1942ஆம் ஆண்டு மே மாதம் 30ஆந் தேதி இரவு ஆயிரத்துக்கு மேற்பட்ட பிரித்தானிய விமானங்கள் ஒருங்கே திரண்டு வந்தன. அவ்வளவு பெரிய விமானத் தொகுதி அதற்கு முன் எந்த நகர்மீதும் சென்றதில்லை. அதனினும் கொடியது 1943ஆம் ஆண்டு யூன் மாத இறுதியில், பேதுரு பவுல் திருநாளையொட்டிய இரவிலே நிகழ்ந்த தாக்குதல். ஒரே இரவில் நாலாயிரத்துக்கு மேற்பட்டோர் மாண்டனர். 1945ஆம் ஆண்டு மார்ச்சு மாதம் 2ஆந் தேதி இறுதிப் பெருந்தாக்குதல். நான்கு நாட்களின் பின் அமெரிக்கப் படை நகருள் நுழைந்தபோது, ஏறத்தாழ ஏழரை இலட்சம் பேர் வாழ்ந்த நகரில் நாற்பதினாயிரம் பேரளவிலேயே எஞ்சியிருந்தனர். பழைய நகரிலே பத்தில் ஒன்பது பங்கு தரைமட்டம். இரட்டைக் கோபுரங்களோடு பேராலயம் மட்டும் புகை படிந்து நின்றது.

கொலும்பாவிலே எஞ்சியவை புறச்சுவர்களிற் சில பகுதிகளும், கோபுரத்தின் அடிப்பாகமும், ஒரு தூணுமே. அத்தூணிலே, பதினைந்தாம் நூற்றாண்டிற் செதுக்கப்பெற்ற மாதா சொரூபம் ஒன்று கையிற் பாலனோடு வீழாது நின்றது. கூரை இல்லை, பீடம் இல்லை, பலகணி இல்லை; மாதா மட்டும் நிற்கின்றாள். வீடிழந்து, உறவிழந்து, கற்குவியல்களுக்கிடையே விறகு தேடித் திரிந்த மக்களுக்கு அது எத்தகைய காட்சியாயிருந்திருக்கும் என்று விரித்துச் சொல்ல வேண்டியதில்லை. ‘இடிபாடுகளின் நடுவே மாதா’ என்று அவர்கள் அதற்குப் பெயரிட்டனர்.

அம்மாதாவுக்கு ஒரு சிற்றாலயம் கட்டும் பணி கொட்பிரீட் பேம் என்னும் இளைஞரிடம் 1947ஆம் ஆண்டு வந்தது. அப்போது அவருக்கு வயது இருபத்தேழு. தந்தை டொமினிக்கஸ் பேமும் பெயர்பெற்ற கோயிற் கட்டடக் கலைஞர்; மகனுக்கோ இதுவே தனியாகச் செய்த முதற் பணி. பணமில்லை, பொருளில்லை. இடிந்த கோபுரத்தின் அடிச்சுவர்களையே அவர் ஆலயத்தின் மண்டபமாகக் கொண்டார். மாதா நின்ற பக்கத்திலே எட்டு மூலையாக ஒரு கூடாரம்போல் கண்ணாடிச் சுவர்களை எழுப்பினார். 1950ஆம் ஆண்டு ஆலயம் மந்திரிக்கப்பெற்றது. அக்கண்ணாடிகளிலே லூட்விக் கீஸ் என்னும் கலைஞர் பின்னர் தேவதூதர்களைத் தீட்டினார். பகல் வெளிச்சம் தூதர்களினூடே புகுந்து மாதாமீது விழுந்தது. கண்ணாடிக்கு அப்பால் இடிபாடும் வானமும். உள்ளே பூசை நடக்கும்போது வெளியே பெய்யும் மழையைக் காணலாம். பிற்காலத்திலே பேம் மிகப் பெரிய கட்டடங்களைக் கட்டினார். 1986ஆம் ஆண்டிலே கட்டடக் கலைக்குரிய பிறிற்ஸ்கர் பரிசும் பெற்றார். எனினும் வறுமை வாய்ந்த காலத்திலே எழுந்த இச்சிற்றாலயத்தின் எளிமை அவற்றிற் பலவற்றுக்கு வாய்க்கவில்லை என்பதே என் எண்ணம்.

இடிந்த கோயிலை என்ன செய்வது? இக்கேள்வி கொலும்பாவுக்கு மட்டும் உரியதன்று. போர் கடந்த ஊர்களிலே வாழ்வோர் அனைவரும் ஏதோ ஒரு நாளில் இதற்கு விடை சொல்ல வேண்டியவர்களாகின்றனர். கொலோன் நகரம் ஒரே கேள்விக்குப் பல விடைகளைச் சொன்னது என்பதே அதன் வரலாற்றிலே வியப்புக்குரியது. நகரின் பன்னிரண்டு பழம்பெரும் ரொமனெஸ்க் கோயில்களையும் கல்லுக்குக் கல் தேடி மீளக் கட்டுவதென்று ஒரு சாரார் துணிந்தனர். அப்பணி நாற்பதாண்டு நடந்தது. 1985ஆம் ஆண்டினை அக்கோயில்களின் ஆண்டெனக் கொண்டாடினர். புனித அல்பான் கோயிலையோ இடிந்தபடியே விட்டனர். அதனை அணைத்தவாறு ரூடொல்ப் சுவார்ற்ஸ் என்பவர் நகரத்துப் பழைய விழா மண்டபத்தைப் புதுக்கினார். கூரையற்ற அவ்விடிபாட்டினுள்ளே, முதல் உலகப்போரில் மகனை இழந்த கேற்றே கொல்விற்ஸ் என்னும் பெண்மணி செதுக்கிய துயருறும் பெற்றோர் சிலைகளின் படி 1959ஆம் ஆண்டு வைக்கப்பெற்றது. முழங்காலில் நிற்கும் தந்தையும் தாயும். பக்கத்து மண்டபத்திலே இசையும் விருந்தும் நடக்கும். இவர்கள் மழையில் நனைந்துகொண்டிருப்பார்கள்.

மூன்றாவது விடையொன்றும் உண்டு. கொலும்பாவிலிருந்து சில நிமிடம் நடந்தால் குளோக்கன்காசே என்னும் தெரு வரும். மணித்தெரு என்பது பொருள். அத்தெருவிலே, ஓபென்ஹைம் என்னும் வங்கியாளரின் கொடையால், பேராலயத்தைக் கட்டி நிறைவேற்றும் பணியை நடத்திய சுவிர்னர் என்னும் கலைஞரே வரைந்து கொடுக்க, 1861ஆம் ஆண்டு யூதர்களின் செபாலயம் ஒன்று எழுந்தது. 1938ஆம் ஆண்டு நவம்பர் மாதம் 9ஆந் தேதி இரவு அது அழிக்கப்பட்டது. அதனை அழித்தது அந்நிய விமானமன்று, உள்ளூர்க் கைகளே. போர் முடிந்தபின் அங்கே மீளக் கட்டுவாரும் இல்லை, இடிபாட்டைக் காப்பாரும் இல்லை. வழிபட்டவர்களே இல்லாமற் போயினரன்றோ? அந்நிலத்திலே 1957ஆம் ஆண்டு நகரத்து இசை நாடக அரங்கு திறக்கப்பெற்றது. செபாலயம் இருந்தமைக்கு ஒரு நினைவுப் பலகையே சாட்சி. இடிபாடு நிலைப்பதற்குக் கல் மட்டும் போதாது, அதைத் தன்னுடையது என்று சொல்ல ஆளும் வேண்டும் என்பதை இவ்விரு தெருக்களுக்கும் இடையிலுள்ள தூரத்திலே அளந்து கொள்ளலாம்.

கொலும்பா இடிபாட்டுக்கு ஆள் இருந்தனர். 1973ஆம் ஆண்டு தொடக்கம் 1976ஆம் ஆண்டு வரை அங்கே தொல்பொருளாய்வாளர் அகழ்ந்தனர். கோயில்களின் அடியிலே கோயில்கள், அவற்றின் அடியிலே உரோமர் வீடுகள், இடையிடையே புதைகுழிகள் என ஈராயிரம் ஆண்டின் ஏடுகள் ஒன்றன்மேலொன்றாக வெளிப்பட்டன. அகழ்ந்த இடத்தை மழையினின்று காக்கத் தற்காலிகமாக ஒரு கூரை போட்டனர். தற்காலிகம் என்ற சொல்லின் இயல்பு நமக்குத் தெரியும். அக்கூரை ஏறத்தாழக் கால் நூற்றாண்டு நின்றது. அதனடியிலே புறாக்கள் குடியேறின.

கொலோன் அதிமேற்றிராசனத்துக்கு ஒரு நூதனசாலை இருந்தது. 1853ஆம் ஆண்டு கலையார்வமுள்ள கத்தோலிக்கர் சிலர் சங்கமாகக் கூடித் தொடங்கியது அது. 1989ஆம் ஆண்டு அதிமேற்றிராசனத்தின் பொறுப்புக்கு வந்தது. மாதாவும் வயலட் மலரும் என்ற ஸ்ரெபான் லொக்னரின் பேரோவியம் முதலாகப் பழைய தந்தச் சிலுவை, செபமாலை, பூசைப் பாத்திரம் என அரும்பொருள்கள் பல அங்கே உண்டு. இக்காலக் கலைஞரின் ஆக்கங்களையும் அது சேர்த்து வந்தது. அதற்குத் தகுந்த வீடு இல்லை. கொலும்பா இடிபாட்டின்மேலேயே அவ்வீட்டைக் கட்டுவதென்று முடிவாயிற்று. கலைஞர்களிடையே நடந்த போட்டியில் 1997ஆம் ஆண்டு வென்றவர் சுவிற்சர்லாந்துக்காரரான பீற்றர் சும்தோர்.

சும்தோர் தச்சரின் மகன். தாமும் இளமையிலே மேசை, அலுமாரி செய்யும் தொழில் பயின்றவர். குறைவாகக் கட்டுபவர், மெதுவாகக் கட்டுபவர் என்று பெயரெடுத்தவர். மரத்தை இழைப்பவன் அதன் நரம்பு எந்தப் பக்கம் ஓடுகிறது என்று முதலில் தடவிப் பார்ப்பான். சும்தோர் இடிபாட்டை அப்படியே தடவிப் பார்த்தார் எனலாம். உடைந்த கல்லுக்கும் புதிய சுவருக்கும் இடையே கண்ணாடியோ உருக்கோ வைத்து, இது பழையது, இது புதியது என்று கோடு கிழித்துக் காட்டுவது இக்காலத்து வழக்கம். அவர் அக்கோட்டைக் கிழிக்க மறுத்தார். எஞ்சிய கொதிக் சுவர் எங்கே முறிந்து நின்றதோ, அந்த முறிவின் பல்லிலேயே தம் செங்கல்லை வைத்து மேலே எழுப்பினார். புதிய கட்டடத்தின் வெளி உருவம் பழைய கோயிலின் நிலப்படத்தையே பின்பற்றிச் செல்கின்றது.

அதற்கு ஏற்ற செங்கல் கடையிலே கிடைக்கவில்லை. டென்மார்க் தேசத்துச் சூளையொன்றிலே கையால் வார்த்துச் செய்வித்தனர். ஏறக்குறைய அரை மீற்றர் நீளம். உயரமோ நான்கு சென்ரிமீற்றரளவே. மெல்லியதாதலின், ஒழுங்கற்ற இடிந்த விளிம்பின்மீதும் அது படிந்து உட்காரும். நிறம் சாம்பல் கலந்த வெளிறிய மண்ணிறம். பழங்கல்லோடு போட்டியிடாத நிறம். சுவரின் நடுப்பகுதியிலே செங்கற்களை இடைவெளி விட்டு அடுக்கினார். அவ்விடைவெளிகளினூடே காற்றும் ஒளியும் உள்ளே வரும். யாழ்ப்பாணத்துப் பனையோலை வேலியினூடே காலை வெயில் முற்றத்தில் விழுவதைக் கண்டவர்களுக்கு அவ்வொளியை விளக்க வேண்டியதில்லை.

உள்ளே பன்னிரண்டு மீற்றர் உயரமுள்ள ஒரே பெருமண்டபம். அகழ்ந்தெடுத்த சுவர்கள் அனைத்தும் அதன் தரையிலே கிடக்கின்றன. அவற்றை மிதியாமற் பார்ப்பதற்கென்று செந்நிற மரத்தாலே ஒரு பாலம் வளைந்து வளைந்து செல்லுகின்றது. மேல்மாடியிலுள்ள காட்சிக் கூடங்களின் பாரத்தை ஒடுங்கிய நீண்ட தூண்கள் தாங்குகின்றன. ஒவ்வொரு தூணையும் எங்கே ஊன்றுவது என்பதே இக்கட்டடத்தின் மிகக் கடினமான வினாவாயிருந்திருக்கும். இங்கே ஊன்றினால் உரோமன் வீடு, அங்கே ஊன்றினால் பழங்கோயிற் சுவர். ஆகவே தூண்கள் வரிசையாக நிற்கவில்லை. இடம் கிடைத்த இடத்திலே, கூட்டத்துள் ஒதுங்கி நிற்பவர்போல் நிற்கின்றன.

இம்மண்டபத்தைச் செவியாலும் கேட்கலாம். வானொலி நேயர்களுக்கு இதனைச் சொல்லாமல் விடலாகாது. தற்காலிகக் கூரையின் கீழே புறாக்கள் வாழ்ந்தன என்று கூறினேன். பில் பொன்ரானா என்னும் அமெரிக்கர் ஒலியையே கலையாகக் கொண்டவர். அவர் 1994ஆம் ஆண்டிலே அப்புறாக்களின் குரலையும் சிறகடிப்பையும் அவ்விடத்திலேயே ஒலிப்பதிவு செய்தார். புதிய கட்டடம் எழுந்தபோது புறாக்கள் வெளியேற நேர்ந்தது. அவற்றின் ஒலி திரும்பி வந்தது. புறா என்று பெயர்கொண்ட கன்னியின் கோயில் இடிபாட்டிலே, இல்லாத புறாக்கள் சிறகடிக்கும் ஓசை இன்று கேட்கின்றது.

மண்டபத்தைக் கடந்தால், கோயிலின் பழைய திருப்பண்ட அறை. அதற்கு மட்டும் சும்தோர் கூரை போடவில்லை. அகழ்வின்போது கண்டெடுத்த மாந்தரின் எலும்புகளை அதன் கீழேதான் மீளப் புதைத்தனர். அதன் நடுவே ரிச்சர்ட் செரா என்னும் அமெரிக்கச் சிற்பி ஆக்கிய இரண்டு பெரும் உருக்குத் துண்டங்கள் நிற்கின்றன. ஒவ்வொன்றும் மடங்கிய முழங்கை போன்ற வடிவு. ஒன்றின்மேல் ஒன்று சாய்ந்து பாலம்போல் நிற்கும். ஒன்றை எடுத்தால் மற்றது விழும். மூழ்கியவர்களும் மீட்கப்பட்டவர்களும் என்பது அதன் பெயர். நாற்சிகளின் மரண முகாமிலிருந்து உயிர் மீண்ட இத்தாலிய எழுத்தாளர் பிறீமோ லெவி 1986ஆம் ஆண்டு வெளியிட்ட நூலின் தலைப்பு அது. செரா இதனை முதலிலே செய்தது கொலும்பாவுக்கு அன்று. கொலோனுக்கு அண்மையிலுள்ள ஸ்ரொம்மெல்ன் என்னும் ஊரின் யூத செபாலயத்துக்காக, 1992ஆம் ஆண்டில். அச்செபாலயம் 1938ஆம் ஆண்டு அழிவினின்று தப்பிய காரணம் யாதெனில், அதற்குமுன்னரே அது ஒரு கமக்காரனுக்கு விற்கப்பட்டிருந்தது. வழிபடுவோர் தொகை குன்றி விற்க நேர்ந்ததே கட்டடத்தைக் காத்தது. அங்கிருந்து அச்சிற்பம் கொலும்பாவின் எலும்புக்குழிமேல் வந்து நிற்கின்றது. குளோக்கன்காசே நிலத்திலே சொல்லப்படாத சொல்லை இங்கே உருக்கு சொல்கிறது எனலாமா? ஓரளவே எனலாம். ஒரு சிற்பம் ஒரு செபாலயத்துக்கு ஈடாகாது. ஆயினும் கத்தோலிக்கத் திருச்சபை தன் இடிபாட்டின் நடுவே தன் துயரத்தை மட்டும் வைத்துப் பூட்டிக்கொள்ளவில்லை என்பது உண்மை.

இனி இதன் மறுபக்கம். நூதனசாலையின் சுவர்கள் இடிபாட்டை மட்டும் சூழவில்லை. பேமின் சிற்றாலயத்தையும் சூழ்ந்துகொண்டன. ஒரு காலத்தில் தேவதூதர் கண்ணாடிகளுக்கு அப்பால் வானம் இருந்தது. இன்று அவற்றுக்கு அப்பால் இருப்பது மண்டபத்தின் அரையிருள். செங்கல் இடைவெளிகளினூடே வடிந்து வரும் ஒளிதான் மாதாவை அடைகின்றது. வானத்தை நோக்கித் திறந்திருந்த கூடாரம், பெரியதொரு வீட்டினுள்ளே வைத்த பேழையாயிற்று. பேம் அப்போது உயிரோடிருந்தார். 2021ஆம் ஆண்டிலே நூற்றொரு வயதிலேயே காலமானார். தம் முதற் கட்டடத்தை மற்றொரு கலைஞரின் கட்டடம் விழுங்குவதை அவர் வரவேற்கவில்லை.

எனக்கு அவர் பக்கத்திலே நியாயம் இருப்பதாகவே தோன்றுகிறது. உரோமன் சுவரையும் கொதிக் சுவரையும் காப்பதற்கு எடுத்த கவனத்தில், 1950ஆம் ஆண்டின் கண்ணாடிக்கு ஒரு பங்கு குறைந்துவிட்டது. மிகப் பழையதை மதிப்பது எளிது. நேற்றையதை மதிப்பதுதான் கடினம். அச்சிற்றாலயமும் ஒரு வரலாற்றுச் சான்றன்றோ? குண்டு விழுந்த ஊரிலே, தம் வீடுகளைக் கட்டுமுன்னரே மாதாவுக்கு வீடு கட்டிய மக்களின் சான்று அது. அதன் பொருளிற் பாதி அதற்கு வெளியே கிடந்த இடிபாட்டிலும் மழையிலுமே இருந்தது. சும்தோர் தரப்பிலும் சொல்ல உண்டு. திறந்த வெளியிலே கிடந்தால் அகழ்ந்த சுவர்கள் பனியிலும் உறைநீரிலும் பொடிந்துபோம். கூரை வேண்டுமென்றால் வானம் போகத்தான் வேண்டும். பழைய பங்குமக்கள் அக்கோயிலைக் கட்டும்போதும் தம் முன்னோர் கோயிலின் பலகணிகளை அடைத்திருப்பர். ஆனால் அவர்கள் அதனைக் காப்பு என்று அழைக்கவில்லை.

திறப்பு விழாவன்றே வேறொரு பிணக்கு எழுந்தது. 2007ஆம் ஆண்டு செப்டெம்பர் மாதம் 14ஆந் தேதி உரையாற்றிய கர்தினால் யோக்கிம் மைஸ்னர், இறைவழிபாட்டிலிருந்து பிரிந்துபோகும் கலாசாரம் சீரழிந்துபோம் என்னும் கருத்தைக் கூறினார். கருத்தைவிட அதற்கு அவர் எடுத்த சொல்லே தீ மூட்டியது. 1937ஆம் ஆண்டு நாற்சிகள் புதுமைக் கலைஞரின் ஓவியங்களைத் திரட்டி, மக்கள் எள்ளி நகையாடுமாறு காட்சிக்கு வைத்தபோது, அக்கலைக்கு இட்ட பழிப்பெயர் அச்சொல்லே. ஜேர்மனியர் செவியிலே அது வெறுஞ் சொல்லன்று. நாடெங்கும் கண்டனம் எழுந்தது. கர்தினாலும் பின்னர் அச்சொல்லைக் குறித்து வருந்தினார். வியப்பென்னவெனில், அவர் பேசிய கட்டடம் அவருடைய அதிமேற்றிராசனமே கட்டியது. அதன் கூடங்களிலே பழைய சிலுவையும் இக்கால ஓவியமும், எது எதற்கு மேல் என்ற பேச்சின்றி, அடுத்தடுத்து இருக்கின்றன. கோயிலின் எச்சத்துக்கு வாரிசு யார்? வழிபாடா, கலையா? கர்தினால் சொல்லால் எழுப்பிய வழக்குக்குக் கட்டடம் வேறு வகையாகத் தீர்ப்பெழுதியிருந்தது.

அக்கூடங்களிலே பொருள்களின் பக்கத்தில் பெயர்ச்சீட்டுக் கிடையாது. ஆண்டு, ஆசிரியர், ஊர் என்று எழுதி ஒட்டவில்லை. வருவோர் கையிலே ஒரு சிறு புத்தகத்தைக் கொடுத்துவிடுவார்கள், விரும்பினோர் பார்த்துக்கொள்ளலாம். முதலிலே கண்ணால் பார், பின்னர் பெயரைக் கேள் என்பது அவர்கள் கொள்கை. சிலருக்கு இது எரிச்சலூட்டும், எனக்குப் பிடிக்கின்றது. கோயிலிலே சொரூபத்தின் கீழ் ஆண்டு எழுதியிருக்கின்றதா என்று பார்த்தா மெழுகுதிரி ஏற்றுகின்றோம்? ஆண்டுதோறும் செப்டெம்பர் 14ஆந் தேதி, திருச்சிலுவைத் திருநாளன்று, பொருள்களின் வைப்புமுறையை மாற்றிப் புதிய காட்சியைத் தொடங்குவது அங்கே வழக்கம். மேல்மாடியிற் பெரிய சாளரங்கள் உண்டு. அவற்றினூடே பேராலயத்தின் கோபுரங்களும், போரின் பின் அவசரமாகக் கட்டிய சாதாரண வீடுகளும், கடைகளும் தெரியும். இருளான மண்டபத்திலிருந்து ஏறி வருவோருக்கு நகரமும் ஒரு காட்சிப்பொருளாகத் தோன்றும்.

நூதனசாலைக்குள்ளே போவதற்குச் சீட்டு வாங்க வேண்டும். மாதாவின் சிற்றாலயத்துக்கோ தெருவிலிருந்தே தனி வாசல் உண்டு, சீட்டு இல்லை. கடைக்குப் போவோரும், வேலை முடிந்து திரும்புவோரும், கையிற் பையோடே நுழைந்து, மெழுகுதிரி ஒன்றை ஏற்றிவிட்டுப் போகின்றனர். சுவருக்கு அப்பால் சும்தோரின் பாலத்திலே நடப்போரின் காலடி அவர்களுக்குக் கேட்பதில்லை.